கேட்காமல் போட்ட உத்தரவு

உத்தரவு வந்து நாற்பத்தொரு மணி நேரமாகியும் யேசுதாசன் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவன் உயர்த்திக் கட்டிய பரளச்சிக் கண்மாய்க் கரை முதல் மழைக்கே உடைந்துவிட்டதாம். வேலை மோசமாம். அதனால் காண்ட்ராக்டர் லைசென்ஸ் ரத்தாம். இஞ்சினீயர் கரையை வந்து பார்க்கவுமில்லை, அவனைக் கூப்பிட்டு ஒரு கேள்வி கேட்கவுமில்லை.

அவன் மனைவி ரூத்துக்கு வயிறு எரிந்தது. சுற்றிலும் கரிசல். கரைக்கென்றே தூரத்திலிருந்து செம்மண்ணை வண்டி வைத்து அடித்தான். ஒரு முழம் கொட்டியதும் தண்ணீர் தெளித்து ஆட்டுக் கிடையை மேலே ஓட்டி மிதிக்கவிடுவான். குளம்பு பதியாத அளவு மண் இறுகிய பிறகுதான் அடுத்த முழம். அந்தக் கரையா உடையும்?

"ஏங்க, ஆபீஸுல போயிக் கேளுங்க."

"வேண்டாம் ரூத்து. கொத்து வேலைக்குப் போயிப் பொழச்சுக்கிருவோம்."

கண்மாய்க்குள் தண்ணீர் தேங்கும் உள்வாயில் விதைத்திருந்த சோளத்துக்குக் களையெடுத்துவிட்டு வந்த அவள் தம்பி சின்னத்துரையும் அதையே சொன்னான். "மச்சான் சொல்றாகல்ல. விட்டுரு அக்கா."

"ஆம்பளைக ரெண்டு பேருக்கும் நாக்கு செத்துப் போச்சா?" என்றாள். மறுநாள் காலையில் யேசுதாசனை இழுத்துக்கொண்டு பஸ் ஏறினாள்.

பஸ்ஸில் ஊர்க்காரர் செல்லப்பாண்டி சும்மா இருக்கவில்லை. "என்ன காண்ட்ராக்டரே, கரையக் கருப்பட்டியிலயா கட்டுனீரு? மழைக்குக் கரைஞ்சிருச்சே."

"நக்கிப் பாத்தவரு கணக்காப் பேசுறீரே," என்றாள் ரூத். அருப்புக்கோட்டை வரை அவர் ஜன்னல் பக்கமே திரும்பி உட்கார்ந்திருந்தார்.

மராமத்து ஆபீஸில் சேவகன் தடுத்தான். அவனைத் தாண்டி உள்ளே போனாள். இஞ்சினீயர் நிமிர்ந்து பார்த்தார்.

"உத்தரவு போட்டாச்சும்மா. ஓவர்சீயர் ரிப்போர்ட் இருக்கு."

"ஓவர்சீயரு சொன்னாரு. சரி. இவுக என்ன சொன்னாகன்னு கேட்டீகளா? எங்க சபையில ஒருத்தரத் தள்ளி வைக்கணும்னாலும் முன்னால நிறுத்தி என்ன நடந்துச்சுன்னு கேப்பாக. அவரு சொல்லி முடிக்கிற வரைக்கும் பாதிரியாரே குறுக்க பேச மாட்டாரு. வேற யாருக்காச்சும் தெரியுமான்னும் கேப்பாக. தெரிஞ்சு மறைச்சவுகளையும் சேத்துத்தான் தள்ளி வைப்பாக. அம்பது வீட்டுச் சபைக்குத் தெரிஞ்ச நியாயம் சர்க்காருக்குத் தெரியாதா?"

சேவகன் சுவரோடு ஒட்டிக்கொண்டான். இஞ்சினீயர் பேனாவை மூடினார். முகம் கறுத்திருந்தது.

"கேட்காதது தப்புதான். உத்தரவை நிறுத்தி வைக்கிறேன். இப்போ கேட்கிறேன். யேசுதாசன், கரை எப்படி உடைஞ்சது?"

"தெரியலைங்க."

"அன்னிக்கு விடியக்காலம் முதல்ல அங்கே போனது நீர்தானாம். என்ன பார்த்தீர்?"

"தண்ணி போறதப் பாத்தேன்."

"வேற?"

யேசுதாசன் திரும்பி ரூத்தைப் பார்த்தான். இதோடு விட்டுவிடு என்று கெஞ்சுகிற பார்வை. கல்யாணமாகிப் பதினோரு வருஷத்தில் அவன் அவளிடம் எதற்கும் கெஞ்சியதில்லை.

அப்போதுதான் அவளுக்கு கரை உடைந்த அன்றைய விடியற்காலம் நினைவுக்கு வந்தது. விடிந்தும் விடியாமலும் சின்னத்துரை வாசலில் வந்து நின்று கூழ் கேட்டான். முழங்கால் வரை சேறு. அவள்தான் அவன் காலில் தண்ணீர் ஊற்றினாள். வாசலில் ஓடியது சிவப்புத் தண்ணீர். கரிசல்காட்டில் வேலை பார்த்தவன் காலில் செம்மண் எப்படி வந்தது என்று அவள் கேட்கவில்லை. கண்மாய் நிறைந்தால் உள்வாய்ச் சோளம் மூழ்கும் என்பது அவளுக்குத் தெரியும். அந்தச் சோளத்துக்குத்தான் நேற்று அவன் களையெடுத்துவிட்டு வந்தான்.

கோபம் அடங்கவில்லை, ஆள்தான் மாறியது. கூழைக் குடித்துவிட்டு, 'விட்டுரு அக்கா' என்ற தம்பி மேல். அவளுக்காக வாயைக் கட்டிக்கொண்டு, அவளை இவ்வளவு பேசவிட்ட இந்த மனுஷன் மேல். சிவப்புத் தண்ணீரைப் பார்த்தும் பேசாமல் செம்பைக் கவிழ்த்து வைத்த தன் மேல்.

"வேற யாருக்காவது தெரியுமா?" என்றார் இஞ்சினீயர்.

"வா ரூத்து, போவோம்," என்று யேசுதாசன் அவள் முழங்கையைத் தொட்டான். அவள் கையை உதறினாள்.

"கரை உடையல சார். வெட்டியிருக்கு," என்றாள். "வெட்டுனது என் கூடப்பொறந்த தம்பி சின்னத்துரை."