ஏழு பொறிப் பெயர்கள்

எங்கள் அலுவலகத்தில் என் பெயரில் மூன்று பேர் இருக்கிறோம். கணக்குப் பார்க்கிற அக்கா ஒன்று. மாடிப்படி துடைக்கிற அம்மா இரண்டு. கடைசியாக வந்த நான் மூணு. "மூணு, இங்க வா" என்று யாராவது குரல் கொடுத்தால் எழுந்து போவேன். எங்கள் குடும்பத்திலேயே பட்டம் வாங்கிய முதல் ஆள் நான். கிடைத்ததோ ஓர் எண்.

கீழே டயர் கடை, மேலே நாங்கள். என்ன எழுதினாலும் ரப்பர் வாடை அடிக்கும். எழுதுவது பெயர்ப் புத்தகம். 'பெண் குழந்தைப் பெயர்கள் ஐயாயிரம்', பொருளும் பிறப்பிடமும் சேர்த்து. பன்னிரண்டாம் பதிப்பு அச்சுக்குப் போக வேண்டிய நேரம். அந்த ஐயாயிரத்தில் நாலாயிரத்து நூறு நான் எழுதியவை. மிச்சத்தை எழுதியவள் எதிர் மேசைக்காரி.

அவள் பேராசிரியர் மகள். பெயர் வேயினி. பார்சல் கொண்டு வருகிறவர்கூட அவள் கையெழுத்தைப் பார்த்துவிட்டு நின்றுவிடுவார்.

"அட, என்ன அர்த்தம்மா?"

அவள் தலையைக் கொஞ்சம் சாய்ப்பாள். அந்தச் சாய்ப்பு எனக்கு மனப்பாடம். "மூங்கில் காட்டில் முதலில் கேட்கும் இசை. அப்பா ஒரு பெரிய நூலகத்துல, யாருமே தொறக்காத புத்தகத்துல தேடிக் கண்டுபிடிச்சாரு."

என் பெயருக்கு அர்த்தம் என்ன என்று இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. தெருவுக்கு நான்கு பேர் வைத்திருக்கும் பெயருக்கு அர்த்தம் கேட்பார்களா?

ஒரு நாள் பதிப்பக முதலாளி சார் எங்கள் இருவரையும் கூப்பிட்டார். இந்தத் தடவை அட்டையில் தொகுப்பாசிரியர் பெயர் போடுவதாக முடிவாம். எங்கள் வீட்டுச் சுவரில்கூட எங்கள் பெயர் கிடையாது, அது வாடகை வீடு.

"வேயினின்னே போட்டுடலாம். எடுப்பா இருக்கும்" என்றார்.

"சார், நாலாயிரத்து நூறு நான் எழுதினது."

"யாரு இல்லேன்னா? ஆனா பேர்ப் புத்தகத்து மேல உன் பேரைப் போட்டா யாரும்மா வாங்குவா? உன் பேர்லயே நம்ம ஆபீஸ்ல மூணு இருக்கு!" சிரித்துக்கொண்டே சொன்னார். சிரித்துக்கொண்டே சொன்னால் வலிக்காது என்று அவர் நினைப்பு. "ஒண்ணு செய். முதல் பக்கத்துல மாதிரிக்கு அவ பேரைப் போடுவோம். பொருள், பிறப்பிடம் எல்லாம் விரிவா நீயே எழுதிக் குடு. நீதான் நல்லா எழுதுவ."

அவளுக்கு அட்டை. அவள் பெயருக்குப் புகழ் பாடுகிற வேலை எனக்கு. வயிறு எரிந்தது என்று சொன்னால் போதாது, தணலாகக் கிடந்தது.

மூன்று நாள் தேடினேன். எங்களிடம் இருந்த அகராதிகளில் இல்லை. என் கல்லூரி நூலகத்துக்குப் போய்ப் பழைய நூல்களைப் புரட்டினேன், அங்கும் இல்லை. வேய் என்றால் மூங்கில், அது சரி. ஆனால் இந்தப் பெயர் வைத்துக்கொண்ட ஒரு பெண்ணும் எந்தக் காலத்திலும் எங்கேயும் இருந்ததாகத் தடயம் இல்லை.

நாலாம் நாள் சார் இரும்பு அலமாரிச் சாவியைக் கொடுத்தார். "இந்தப் பதிப்போட பொறியை நோட்டுல ஏத்திடும்மா."

பொறி எங்கள் தொழிலில் எல்லோரும் செய்வதுதான். எங்கள் புத்தகத்தை அப்படியே திருடி அச்சடிக்கிறவர்கள் அதிகம். அதனால் பதிப்புக்கு ஏழு பெயரை நாங்களே இட்டுக்கட்டி, பொருளும் இட்டுக்கட்டி, உள்ளே கலந்துவிடுவோம். அந்த ஏழும் இன்னொருவன் புத்தகத்தில் இருந்தால் கையும் களவுமாக மாட்டுவான். இந்தத் தடவை ஏழையும் உண்டாக்கியவள் நான். ஐயாயிரத்துக்குள் கலந்துவிட்டேன், ஆனால் எவை என்று இன்னும் நோட்டில் எழுதவில்லை, தலைக்குள் இருந்தன.

நோட்டைப் பின்னோக்கிப் புரட்டினேன். மூன்றாம் பதிப்பு, இருபத்தேழு வருடத்துக்கு முந்தையது. சாரின் கையெழுத்து, அவருக்கே இப்போது நினைவிருக்காது. நான்காவது வரி: வேயினி. மூங்கில் காட்டில் முதலில் கேட்கும் இசை.

வார்த்தை பிசகாமல் அதேதான். கீழே சிவப்பு மையில் ஒரு குறிப்பு: பேருந்து நிலையக் கடைகளில் திருட்டுப் பதிப்பு பிடிபட்டது, ஏழும் உள்ளன.

பேராசிரியரின் நூலகம் எது என்று புரிந்துவிட்டது. எனக்கு வந்த சந்தோஷத்தை எப்படிச் சொல்வது? வாயைப் பொத்திக்கொண்டு அலமாரிக்குப் பின்னால் நின்று சிரித்தேன்.

மாதிரிப் பக்கத்தைப் பத்து நிமிடத்தில் அடித்தேன். 'வேயினி. பொருள்: இல்லை. பிறப்பிடம்: டயர் கடைக்கு மேலே ஓர் இரும்பு அலமாரி.' பிழை பார்க்கச் சொல்லி அவள் மேசையிலேயே வைத்தேன், நோட்டையும் திறந்து.

அவள் படித்தாள். தலை சாயவில்லை. அந்தச் சிவப்பு மைக் குறிப்பை மறுபடியும் படித்தாள்.

"மூணு, இது அப்பாவுக்குத் தெரிய வேணாம்டி."

"பொய் சொன்னது அவருதானே?"

"அவரு அப்ப பேராசிரியரே இல்ல. ஒரு கம்பெனியில மூட்டை எண்ணிட்டு, படிச்சிட்டு இருந்தாரு. நான் பொறந்த அன்னிக்கு ஆஸ்பத்திரிக்கு வர்ற வழியில பஸ் ஸ்டாண்டுல இறங்கி, ரெண்டு மணி நேரம் நின்னுக்கிட்டே புரட்டினாராம். கடைக்காரன் கத்தினானாம். அம்மா சொல்லியிருக்கா. நூலகம்ங்கறது அப்பா என்கிட்ட சொன்ன கதை." மூக்கை உறிஞ்சினாள். "ஆனா பேரே பொய்ன்னு அவருக்கே தெரியாது."

என் சிரிப்பு எங்கே போனதென்று தெரியவில்லை. என் அப்பா லாரியில் சரக்கு ஏற்றுகிறவர். பெயர் பதிகிற இடத்தில் வரிசையில் முன்னால் நின்றவர் தன் பிள்ளைக்குச் சொன்ன பெயரையே எனக்கும் சொல்லிவிட்டு வேலைக்கு ஓடினாராம். அப்பா ஒரு புத்தகமும் புரட்டவில்லை, திருட்டுப் புத்தகம்கூட. எனக்காக யாரும் ஒரு பொய்யும் சொல்லவில்லை.

அந்தப் பக்கத்தை அச்சிட்டாலும் அவளுக்கு அந்த இரண்டு மணி நேரம் இருக்கும். அதை நான் பிடுங்க முடியாது. பக்கத்தைக் கிழித்துக் குப்பையில் போட்டேன். நல்ல மனசு என்று யாரும் நினைக்க வேண்டாம். முன்னைவிட அதிகமாக எரிந்தது.

"பேசாம இரு. உங்க அப்பா காதுக்குப் போகாது" என்று சொல்லிவிட்டு நேராக சார் அறைக்குப் போனேன்.

"பொறியை ஏத்திட்டியாம்மா?"

"இல்ல சார். ஏழும் என் தலைக்குள்ளதான் இருக்கு. அட்டையில என் பேரு வந்தா நோட்டுக்கு வரும். வரலேன்னா ஐயாயிரத்துல எது ஏழுன்னு நீங்களே தேடிக்கங்க."

"மிரட்டுறியா?"

"ஆமா சார்."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், மாட்டினார், மறுபடி கழற்றினார். புத்தகம் மறுநாள் அச்சுக்குப் போக வேண்டும். "இனிஷியலோட போடு. இல்லேன்னா படி துடைக்கிற அம்மாவும் உரிமை கொண்டாடும்" என்று முணுமுணுத்தார். முதல் பக்கத்துக்கு வேறொரு பெயரை எழுதிக் கொடுத்தேன். ஏழையும் அவர் கண் முன்னாலேயே நோட்டில் ஏற்றினேன்.

புத்தகம் வந்த அன்று அப்பாவிடம் கொடுத்தேன். கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டு வாங்கினார். எழுத்துக் கூட்டிப் படித்தார்.

"இது நீயா? இந்தப் பேர்ல நெறைய பேரு இருப்பாங்களே கண்ணு."

"நான்தாம்ப்பா. இனிஷியல் உன்னோடது பாரு."

அந்த ஒற்றை எழுத்தை விரலால் தடவினார். எனக்குக் கோபமாகத்தான் பேச வந்தது.

"அப்பா, யாராவது கேட்டா, இந்தப் பேரை எனக்காகத் தேடி வெச்சேன்னு சொல்லணும்."

"பொய்யா?"

"ஆமா."

புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு, வேலை நேரம் கேட்கிற மாதிரி அக்கறையாகக் கேட்டார்.

"சரி. எங்க தேடுனேன்னு சொல்லட்டும்?"