பெரிய வெள்ளியில் தொடாத மாவு

சாந்தோமில் எங்கள் ரொட்டிக்கடை மாவு கள் ஊற்றினால்தான் பொங்கும். பாலவாக்கத்திலிருந்து தங்கவேல் தினமும் இறக்கிக் கொண்டுவருவான். சுதந்திரம் கிடைத்த அடுத்த வருஷம், போன அக்டோபரில், மதுவிலக்கு வந்தது. ஊரே குடியைப் பற்றிப் பேசியது, ரொட்டியைப் பற்றி எவருக்குக் கவலை? டவுனில் ஈஸ்ட் கேட்டால், பெரிய பேக்கரிகளுக்கே போதவில்லை என்று கைவிரித்தார்கள்.

என் வீட்டுக்காரர் லியோனார்ட் அப்போது புத்திசாலியாகத்தான் இருந்தார். கடைசிக் கள்ளில் பிசைந்த மாவில் ஓர் உருண்டை எடுத்துவைத்தார். அதோடு புது மாவு சேர்த்துப் பிசைந்து, அதிலிருந்து மறுநாளைக்கு ஓர் உருண்டை. இப்படியே ஓடியது. பிழைப்புப் போன தங்கவேலையும் ரொட்டிக்கூடை தூக்கச் சேர்த்துக்கொண்டார். தப்பித்தோம் என்றுதான் நானும் நினைத்தேன்.

பெரிய வெள்ளி வந்தது. ஆண்டவர் சிலுவையில் மரித்த நாள் என்று அன்று எங்கள் வீட்டில் மாவைத் தொடுவதில்லை. முன்பெல்லாம் சனிக்கிழமை புதுக் கள் வந்துவிடும், ஒன்றும் குடிமுழுகாது. இப்போது ஒரு நாள் பிசையாமல் விட்டால் இந்த வெயிலில் உருண்டை கெட்டுப்போகும் என்று தலையில் அடித்துக்கொண்டேன். மனுஷர் அசையவில்லை.

வாசலில் நின்ற தங்கவேல், "பெரிய வெள்ளி உங்களுக்குத்தானே மொதலாளி? நான் பெசஞ்சி வச்சிட்டுப் போறேன்" என்றான்.

"இந்த வீட்டுல இன்னைக்கு யார் கையும் மாவுல படாது" என்றார். எனக்கு வந்த ஆத்திரத்தில் மாவுத் தொட்டியையே தெருவில் வீசியிருப்பேன்.

சனிக்கிழமை உருண்டை நீர்விட்டு நாறியது. அதையே போட்டுப் பிசைந்தார். மத்தியானம்வரை மாவு எழும்பவில்லை. அடையாறு கன்னியர் மடத்து விடுதிக்கு ஈஸ்டர் ரொட்டி போகாவிட்டால் அந்த வாடிக்கை போய்விடும். அது போனால் கடையே இல்லை.

தங்கவேலை உள்ளே இழுத்துக் கதவைச் சாத்தினார். பாலவாக்கத்தில் யாராவது திருட்டுத்தனமாக இறக்குகிறார்களா, ஒரு செம்பு போதும் என்று கெஞ்சினார்.

"எறக்குறாங்கோ. வழியெல்லாம் போலீசு கீது. மாட்னா ஜெயிலு."

என்னால் பொறுக்க முடியவில்லை. "நேத்து மாவைத் தொட விடாத கையை இன்னைக்கு விலங்குக்கு நீட்டச் சொல்றீங்களா?"

அவர் அப்படியே உட்கார்ந்துவிட்டார். தங்கவேல்தான் செம்பை எடுத்தான். "கடைய மூடிட்டா நான் மட்டும் எங்க போவேன்மா?"

பொழுது சாய்ந்துவிட்டது. அடுப்பு கனன்றுகொண்டே இருக்கிறது. லியோனார்ட் வாசலை விட்டு நகரவில்லை. தங்கவேல் இன்னும் வரவில்லை. வெறுங்கையோடாவது வந்தால் போதும்.