அசாரேயின் பத்திரிகைக்கு வாரிசு

அம்பபேசோவில் சந்தை கூடாத வெள்ளிக்கிழமை உண்டு. 'ஊர்க்குரல்' பத்திரிகை வராத வெள்ளிக்கிழமை கிடையாது. கோக்கோ விலை படுத்த வருடம், கையால் சுற்றும் மெஷினில் ஒற்றைத் தாளாக அசாரே அதை ஆரம்பித்தார். முதல் இதழில் இரண்டே செய்தி: கோக்கோ எடை போடும் தராசு பொய் சொல்கிறது, பாதிரியாரின் சேவலைக் காணவில்லை. தராசைத் திருத்தினார்கள். சேவல் கடைசிவரை கிடைக்கவில்லை.

காகிதப் பஞ்சம் வந்தபோதும் மனுஷர் அசரவில்லை. பள்ளிக்கூடத்துப் பழைய பரீட்சைத் தாள்களின் பின்பக்கத்தில் அச்சடித்தார். யார் வீட்டுப் பிள்ளை கணக்கில் முட்டை வாங்கியது என்பதும் சேர்ந்தே ஊருக்குத் தெரிந்தது. அடேயப்பா, அந்த வருடம் விற்ற மாதிரி பிறகு எந்த வருடமும் விற்கவில்லை!

அசாரேயின் மகள் டுஃபியே அந்தக் காகித வாசனையிலேயே வளர்ந்தவள். கால்பந்தாட்டம், கோக்கோ விலை, மரண அறிவிப்பு எல்லாம் அவள் எழுத்துதான். கடைசியில் அப்பாவின் மரண அறிவிப்பையும் அவளே எழுதினாள். 'வாரிசு' என்ற இடத்தில் அத்தை மகன் அம்பொன்சாவின் பெயரைத் தன் கையாலேயே போட்டாள். போட்டுவிட்டு, மெஷின்மேல் தலையைச் சாய்த்துக்கொண்டு அழுதாள்.

வழக்கம் வழக்கம்தானே. ஆணின் சொத்து மகளுக்குப் போகாது, அவன் சகோதரி பிள்ளைக்குத்தான் போகும். சொத்தோடு ஸ்தானமும் போகும். இனி அம்பொன்சாதான் டுஃபியேக்கு அப்பா. மூக்கொழுகத் திரிந்த வயதில் அவனை இடுப்பில் சுமந்தவளே அவள்தான்!

குமாசி நகரத்தில் டயர்க்கடை வைத்திருந்த அம்பொன்சா வந்து முதல் இதழைப் போட்டான். பொன்சுக் கிழவரின் மரண அறிவிப்பில், துக்கம் காப்பவர்கள் வரிசையில் அவருடைய மனைவியின் பெயரை முதலில் போட்டு, அவர் அம்மா வழிக் குடும்பத்தைக் கடைசியில் தள்ளிவிட்டான். சனிக்கிழமை காலையிலேயே குடும்பம் திரண்டு வந்தது.

"பொண்டாட்டி பேரு மேலயா? பொணம் எங்க வீட்டுப் பொணம்டா!"

சமாதானத்துக்கு ஓர் ஆடு கேட்டார்கள். இனி எந்தக் குடும்பமும் இங்கே அறிவிப்பு தராது என்றும் சொல்லிவிட்டுப் போனார்கள். அறிவிப்புக் காசு இல்லையென்றால் பத்திரிகை மாதக் கடைசியைத் தாண்டாது.

அம்பொன்சா தேடிப் போனபோது டுஃபியே முற்றத்தில் வேர்க்கடலை உடைத்துக்கொண்டிருந்தாள்.

"வாங்கப்பா," என்றாள் நிமிராமலே. "ஆடு கொழுத்ததாத்தான் வேணும்னாங்களா?"

"குத்திக்காட்டாதக்கா. அந்தக் கிழவி அழுததைப் பாத்து மனசு கேக்கல. மேல போட்டுட்டேன்."

"அந்த மனசுக்காகத்தான் உன்ன வாசல்ல நிக்க விட்டிருக்கேன்."

"நீ வந்து நடத்துக்கா. சம்பளம் தர்றேன்."

கடலை முறம் எகிறியது. "சம்பளமா? நானும் அதுவும் ஒரே வருஷத்துல பொறந்தோம்டா. அதுக்கு நான் கூலிக்காரியா? போடா!"

அம்பொன்சா போனான். ஞாயிற்றுக்கிழமை தன் குடும்பத்தைக் கூட்டினான். டுஃபியேயையும் ஆள் விட்டு வரவழைத்தான்.

"பத்திரிகையை இவளுக்கே குடுக்கப்போறேன். எனக்கு டயர்க்கடை போதும்," என்றான்.

குடும்பத் தலைவர் ஒபெங் முகம் சுளித்தார். "இவ அவங்கம்மா குடும்பம். நம்ம சொத்து வெளிய போறதா?"

"சரி, விடுங்க. நாளைக்கு உங்க சாவு அறிவிப்ப நானே எழுதுறேன்," என்றான் அம்பொன்சா.

கூட்டம் குலுங்கிச் சிரித்தது. ஒபெங் வாசலில் கட்டியிருந்த சமாதான ஆட்டைப் பார்த்தார். அம்பொன்சாவைப் பார்த்தார். "குடுத்துத் தொலை," என்றார்.

கொடுத்தால் மட்டும் செல்லாது. வாங்குகிறவர் நன்றிக்கு அடையாளமாகச் சபை நடுவே ஒரு மது பாட்டிலை வைக்க வேண்டும். டுஃபியே ஓடிப்போய் ஒரு ஜின் பாட்டில் வாங்கி வந்தாள்.

"ஏத்துக்கிறியா?" என்றார் ஒபெங்.

அவள் பாட்டிலைக் கீழே வைக்கவில்லை. "எங்கப்பா உயிரோட இருந்தப்ப ஒரு நாள், ஒரே ஒரு நாள், இந்தப் பாட்டில எங்கிட்டக் கேட்டிருக்கலாமே! கேட்டிருந்தா எப்பவோ பத்திரிகை எனக்குன்னு ஆயிருக்குமே. கூடவே இருந்தேனே! ஒரு வார்த்தை சொல்லாமப் போயிட்டாரே மனுஷன்!" சபை என்றும் பாராமல் விம்மி அழுதாள்.

அம்பொன்சா எழுந்து வந்து, அவள் கையிலிருந்த பாட்டிலை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டான்.

"இப்ப நான்தானே உங்கப்பா? நான் சொல்றேன், கேட்டுக்கோ. இது உன்னோடதும்மா. எப்பவுமே உன்னோடதுதான்."

டுஃபியே முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"ஏத்துக்கிட்டேன்ப்பா," என்றாள்.