நிழல் கரையில் வாசித்த புத்தகங்கள்

செப்டம்பரில் நூலகத்தை ஏற்றிய புத்தகப் படகு வந்தபோது இங்குன் மற்றவர்களைப் போல அலமாரி அலமாரியாகப் பார்த்துக்கொண்டு நிற்கவில்லை. நூலகக்காரி பேர்கிட்டிடம் நேராகப் போய்க் கேட்டாள்.

"வெயிலைப் பத்தின புத்தகம் என்னென்ன இருக்கு?"

"வெயிலைப் பத்தியா? சூரியன், கிரகம், அந்த மாதிரியா?"

"எதுவானாலும் சரி. படிச்சா உடம்புல கொஞ்சம் சூடு ஏறணும்."

பேர்கிட் சிரித்தாள். இங்குன் சிரிக்காததைக் கண்டதும் சிரிப்பை நிறுத்திக்கொண்டு தேடத் தொடங்கினாள். சூரியன் எப்படி எரிகிறது என்று எளிமையாகச் சொல்லும் தடித்த புத்தகம் ஒன்று கிடைத்தது. ஸ்பெயினில் ஆரஞ்சுத் தோப்பு வைத்திருந்த ஒருவரின் வாழ்க்கைக் கதை ஒன்று. பக்கம் முழுக்க மஞ்சள் பூசிய குழந்தைப் புத்தகம் ஒன்று. படகு இனி வசந்த காலத்தில்தான் வரும். மூன்றையும் சால்வையில் சுற்றி மார்போடு அணைத்துக்கொண்டு இங்குன் மேட்டில் ஏறினாள்.

அவளுடைய பண்ணை மலையின் காலடியில் இருந்தது. அக்டோபர் நடுவில் மலைக்குப் பின்னால் போகும் சூரியன் பிப்ரவரிக் கடைசியில்தான் திரும்ப எட்டிப் பார்க்கும். அதுவரை பகல் உண்டு, வெயில் கிடையாது. அது அவள் அம்மா வழி வந்த நிலம். பிறந்ததிலிருந்து அவளுக்கு அது பழக்கம். அவள் கணவன் ஓட்வாருக்கு அப்படியில்லை. அவன் மலைகளுக்கு நடுவே குறுகலாக நுழையும் கடலின் எதிர்க்கரையில் பிறந்தவன். நடுக் குளிர்காலத்தில்கூட மதியத்தில் கொஞ்ச நேரம் அங்கே வெயில் அடிக்கும். இங்கிருந்து பார்த்தால் அவன் பிறந்த வீட்டின் ஜன்னல்கள் மின்னும்.

கல்யாணம் செய்துகொண்டு அவன்தான் கடலைத் தாண்டி இந்தக் கரைக்கு வந்தான். சொத்து அண்ணன் ஸ்டைனாருக்குப் போயிற்று. அது வழக்கம், அதில் யாருக்கும் வருத்தமில்லை. ஆனால் அப்பாவை அடக்கம் செய்த அன்று, காபி மேசையில், ஊரே கேட்க, ஸ்டைனார் சொல்லிவிட்டான்: "பொண்டாட்டிக்காக வெயிலையே வித்துட்டுப் போனவன்டா நீ." ஓட்வார் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வந்தான். அதற்கப்புறம் ஒன்பது வருடமாக அவன் அந்தக் கரையில் கால் வைக்கவில்லை.

போன இரண்டு குளிர்காலங்களிலும் வெயில் போனதும் அவன் படுத்த படுக்கையாகிவிட்டான். காய்ச்சல் இல்லை, வலி இல்லை. எழுந்திருக்க மட்டும் முடியவில்லை. டாக்டர் மீன் எண்ணெய் குடிக்கச் சொன்னார், நடக்கச் சொன்னார். கதவு வரை நடந்து திரும்பிப் படுத்துக்கொள்வான். இந்த வருடம் அப்படி விடக்கூடாது என்று இங்குன் தீர்மானித்திருந்தாள்.

அக்டோபரில் வெயில் போன அன்றே வாசிக்க ஆரம்பித்தாள். மாலையில் பால் கறந்து கை கழுவிவிட்டு விளக்கைப் பக்கத்தில் இழுத்து வைத்துக்கொண்டு அவன் கட்டிலோரம் உட்காருவாள். அவள் பள்ளிக்கூடத்திலேயே திக்கித் திக்கி வாசிப்பவள். புரியாத சொற்களைத் தாண்டிக் குதிப்பாள். ஆரஞ்சுத் தோப்பில் திருட வந்தவன் வெயில் தாங்காமல் மரத்தடியிலேயே தூங்கிப்போய் மாட்டிக்கொண்ட இடத்தில் ஓட்வார் சிரித்தான்.

"தூங்கிட்டானா?"

"அசந்து தூங்கிட்டானாம்! தோட்டக்காரன் வந்து எழுப்பி, தண்ணி குடுத்தானாம்!"

அன்று இங்குன் பாட்டு முணுமுணுத்துக்கொண்டே பாத்திரம் கழுவினாள். மறுநாளும் அதே பக்கத்தை வாசித்தாள். அதற்கடுத்த நாளும். அவன் அப்போதும் சிரித்தான். டிசம்பரில் சிரிப்பது நின்றது. சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டான். காதில் விழவில்லையோ என்று அவள் இன்னும் சத்தமாக வாசித்தாள்.

ஜனவரியில் ஒரு மதியம். கொட்டிலில் வைக்கோல் போட்டுவிட்டு வந்தவள் கட்டில் காலியாக இருப்பதைப் பார்த்தாள். போர்வை மடித்து வைத்திருந்தது. அந்த மடிப்புதான் அவளைப் பயமுறுத்தியது. எங்கேயோ போய்விட்டவனின் படுக்கை போல அது இருந்தது. புத்தகங்களைக் காணோம். கரைக்கு ஓடினாள். படகையும் காணோம். இந்தப் பக்கம் தண்ணீர் ஈயம் போலக் கிடந்தது. அதற்கப்பால் வெயில் பட்டுத் தகதகத்ததில் படகு இருக்கிறதா, கவிழ்ந்து கிடக்கிறதா, ஒன்றும் தெரியவில்லை.

திரும்ப மேடேறி வந்து தொலைபேசியை எடுத்தாள். மூச்சு இரைத்தது.

"ஸ்டைனார் வீட்டுக்கு லைன் குடு."

"யார் வீட்டுக்கு?" என்றாள் இணைப்பகத்துப் பெண்.

"காது கேக்கலையா? என் புருஷனோட அண்ணன் வீட்டுக்கு!"

வெகுநேரம் மணி அடித்தது. பிறகு தொண்டையைச் செருமும் சத்தம்.

"ஸ்டைனார், நான் இங்குன் பேசறேன். அவரு..."

"இங்கதான் இருக்கான்."

அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"வைக்கோல் கொட்டகைச் சுவத்துல சாஞ்சு உக்காந்திருக்கான்," என்றான் ஸ்டைனார். "வந்து நேரமாச்சு. வீட்டுக்குள்ள வரல. நான் ஜன்னல்லேருந்து பாத்துக்கிட்டே இருக்கேன்."

"பாத்துக்கிட்டு இருக்கீங்களா? போய்ப் பேசலையா?"

"என்னத்தைச் சொல்லிப் பேசறது?"

"ஒன்பது வருஷம் முன்னாடி எல்லார் முன்னாலயும் பேசத் தெரிஞ்சுதில்ல? இப்ப தனியா பேச வரலையா? ஒரு கம்பளியாவது கொண்டு போய்ப் போடுங்க! வெறும் சட்டையோட வந்திருப்பாரு!"

"சட்டையோடதான் இருக்கான்," என்றான் ஸ்டைனார். தொலைபேசியை வைக்காமலே போய்விட்டான். கதவு திறக்கும் சத்தம் கேட்டது. அப்புறம் ஒன்றும் கேட்கவில்லை. அவள் அதைக் காதில் வைத்தபடியே இருந்தாள்.

அன்று ஓட்வார் வரவில்லை. மறுநாளும் வரவில்லை. சாப்பிடுகிறான், தூங்குகிறான், இன்று விறகு பிளந்தான் என்று ஸ்டைனார் போன் செய்து சொன்னான். விறகு பிளந்தான் என்றபோது இங்குனுக்கு சந்தோஷம் வந்தது. ஆனால் மூன்று மாதம் தொண்டை வறள வாசித்ததில் அவன் ஒரு சுள்ளியைக்கூட ஒடிக்கவில்லை.

அந்த வார முடிவில் மாடுகளைப் பக்கத்துப் பண்ணைக்காரியிடம் ஒப்படைத்துவிட்டு, பண்ணைகளின் பாலை ஏற்றிப் போகும் பால் படகில் ஏறினாள். பாதிக் கடலில் வெயில் முகத்தில் அடித்தது. கண்ணைத் திறக்க முடியவில்லை. அழுகிறாளோ என்று படகோட்டி பார்த்தான்.

கொட்டகையின் தார் பூசிய கறுப்பு மரச் சுவரில் இரண்டு பேரும் சாய்ந்து உட்கார்ந்திருந்தார்கள். ஸ்டைனார் அவளைக் கண்டதும் எழுந்தான். "காபி போடறேன்," என்று யாரையும் பார்க்காமல் சொல்லிவிட்டு உள்ளே போனான். ஓட்வார் மடியில் ஆரஞ்சுத் தோப்புப் புத்தகம் திறந்து கிடந்தது. அவன் கன்னத்தில் நிறம் ஏறியிருந்தது.

"சொல்லாம வந்துட்டே," என்றாள்.

"சொல்லியிருந்தா வந்திருக்க மாட்டேன். உன் மூஞ்சியப் பாத்தா கால் எழும்பாது."

"வீட்டுக்கு எப்ப வரே?"

அவன் எதிர்க்கரையைப் பார்த்தான். இங்கிருந்து பார்க்க அவர்கள் வீடு தெரியவே இல்லை. மலையடியில் ஒரு கறுப்பு மட்டும்தான் தெரிந்தது. தான் இருக்கும் இடம் இப்படியா இருக்கிறது என்று இங்குனுக்குத் திக்கென்றது.

"இப்ப வர முடியாது இங்குன். வெயில் அங்க வரட்டும்."

"மறுபடியும் படிச்சுக் காட்டறேன். வேற பக்கம்..."

"வேண்டாம்." சட்டென்று வந்தது அந்தச் சொல். பிறகு குரல் தாழ்ந்தது. "தினமும் நீ படிக்கறப்ப, நான் எதை விட்டுட்டு வந்தேன்னு நீயே எனக்கு எடுத்துச் சொல்ற மாதிரி இருந்துச்சு. நிறுத்துன்னு சொல்ல வாய் வரல. எழுத்துக் கூட்டிக் கூட்டி, எனக்காக அவ்வளவு பாடு பட்டே."

"சிரிச்சியே. அந்தத் திருடன் கதைக்குச் சிரிச்சியே."

"மொதல் நாள் நிஜமாவே சிரிப்பு வந்துச்சு. அப்புறம் உனக்காகச் சிரிச்சேன்."

இங்குன் அந்தப் புத்தகத்தைப் பிடுங்கினாள். அதைக் கடலில் எறிந்துவிட வேண்டும் என்று கை துடித்தது. நூலகத்துப் புத்தகம். மூடி அவன் மடியிலேயே திரும்ப வைத்தாள்.

"எனக்காக இங்கேருந்து வந்தே," என்றாள். "அதுக்கு நான் என்னைக்காவது உன்னைக் கெஞ்சினேனா?"

"இல்ல. நானாத்தான் வந்தேன். இப்பவும் கேட்டா வந்தது சரின்னுதான் சொல்வேன். ஆனா உடம்பு கேக்க மாட்டேங்குது."

அவன் அவள் கையைப் பிடித்துச் சுவரின் மேல் வைத்தான். கறுப்பு மரம் வெதுவெதுப்பாக இருந்தது. அவள் கையை எடுக்கவில்லை. ஆனால் அவன் பக்கம் திரும்பவும் இல்லை. காபி குடிக்காமலே பால் படகுக்குக் கிளம்பினாள்.

ஊர் பேசியது. புருஷன் வெயிலை வாடகைக்கு எடுக்கப் போயிருக்கிறானா என்று கடையில் ஒருத்தி கேட்டாள். "உன் புருஷன் வீட்லயே இருக்கானே, அதுல உனக்கு என்ன கிடைச்சுது?" என்று இங்குன் திருப்பிக் கேட்டாள். ஆனால் வீட்டுக்கு வந்து ரொட்டி மாவைப் பிசையும்போது அவளுக்கு அழுகை வந்தது.

பிப்ரவரிக் கடைசியில் கூரை விளிம்பில் முதல் வெயில் பட்ட அன்று ஓட்வார் வந்தான். ஸ்டைனார்தான் துடுப்புப் போட்டான். மேசைக்கருகில் உட்கார்ந்து, "இந்த வருஷம் அக்டோபர்லயே இவனை அனுப்பிடும்மா," என்றான் ஸ்டைனார். வந்ததிலிருந்து அவன் சொன்ன ஒரே பேச்சு அதுதான். கோடை முழுக்க அதைப் பற்றி வீட்டில் யாரும் வாய் திறக்கவில்லை. புல் அறுத்தார்கள், வேலி கட்டினார்கள். ஓட்வார் பழையபடி விசிலடித்தான். சில நாள் அந்த விசில் அவளுக்கு இனித்தது. சில நாள் எரிச்சல் மூட்டியது.

அக்டோபரில் அவனுடைய கம்பளிச் சட்டைகளை அவளே மூட்டை கட்டினாள். அவன் படகில் ஏறி உட்கார்ந்து துடுப்பைக் கையில் எடுத்துக்கொண்டும் கிளம்பாமல் இருந்தான்.

"வேண்டாம்னா சொல்லு, இறங்கிடறேன்."

"இறங்கி?" என்றாள் அவள். "மறுபடி போர்வைக்குள்ளயா?"

படகின் முனையில் காலை வைத்துத் தள்ளிவிட்டாள். அவன் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனான். அவள் கையசைக்கவில்லை. மாடுகள் தண்ணீருக்குக் கத்துவது மேலேயிருந்து கேட்டது. அவன் பாதிக் கடலைத் தாண்டும் வரை நின்றுவிட்டு அவள் மேடேறினாள்.