கோபுரம் இடிந்த உலகம்

கடைசி அரக்கனையும் வெட்டிப்போட்டு, இளவரசியை அரியணையில் ஏற்றிவைத்து, ஊரார் எல்லோரும் கைதட்டி முடித்த பிறகு, ஜெனினுக்கு அடுத்து என்ன செய்வதென்று தெரியவில்லை. தொலைக்காட்சித் திரையில் யார் யாரோ பெயர்கள் கீழிருந்து மேலே போய்க்கொண்டிருந்தன. அதுவும் தீர்ந்ததும் விளையாட்டு அவனை அதே உலகத்தின் ஒரு புல்வெளியில் கொண்டுபோய் நிறுத்தியது. குதிரை மேய்ந்துகொண்டிருந்தது. காற்றில் புல் சாய்ந்து எழுந்தது. போகவேண்டிய திசையைக் காட்டும் மஞ்சள் புள்ளியை மட்டும் எங்கும் காணோம்.

"ஏட்டி பெபிஷா, முடிஞ்சு போச்சு" என்று மாடியிலிருந்து சத்தம் கொடுத்தான்.

கீழே மரச்சீனிக் கிழங்கு அவித்துக்கொண்டிருந்த அவன் மனைவி பெபிஷா, "நல்லதாப் போச்சு. இனியாவது கடலுக்குப் போவியளா?" என்றாள்.

நியாயமான கேள்விதான். நியாயமான கேள்விக்கு ஆண்கள் வழக்கமாகச் சொல்லும் பதிலையே ஜெனினும் சொன்னான். அதாவது, டிவியின் சத்தத்தைக் கூட்டினான்.

இரண்டாயிரத்துப் பதிமூன்றாம் வருஷத்து ஆடி மாதம் அது. குளச்சலுக்கு மேற்கே கடலை ஒட்டின ஊர். அதற்கு முந்தின வருஷம் பெபிஷாவின் அண்ணன் ஆன்றோ மஸ்கட்டிலிருந்து வந்தபோது பெரிய டிவியும் விளையாட்டுப் பெட்டியும் கொண்டுவந்திருந்தான். அவற்றை வைப்பதற்கென்றே மாடியில் ஓர் அறை எழும்பியது. விளையாட்டு என்றால் சும்மா ஓடிச் சுடுகிற விளையாட்டு இல்லை. அதற்குள் ஒரு முழு உலகமே இருந்தது. மலை, காடு, சந்தை, கடல், எங்கே வேண்டுமானாலும் போகலாம். ராஜ்யத்தைக் காப்பாற்ற வேண்டும் என்பது கதை. காப்பாற்றாமல் நாள் முழுக்க மீன் பிடித்துக்கொண்டிருந்தாலும் யாரும் கேட்கமாட்டார்கள்.

மாடி எழும்புமுன் கீழே வைத்துத் தொடங்கும்போது ஜெனின் தனியாக விளையாடவில்லை. மரியஜானும் கூட இருந்தான். இருவரும் ஒரே வயது, ஒரே வள்ளத்தின் பங்காளிகள். கடலில் எப்படியோ அப்படியே திரைக்கு முன்னாலும்: ஜெனின் கையில் பிடித்து ஓட்டுவான், மரியஜான் பக்கத்தில் சம்மணமிட்டு இருந்து வழி சொல்லுவான். "மக்கா, அந்தப் பாறைக்கு இடத்துபுறம் ஒரு சந்து கெடக்கு பாரு" என்பான். சந்து இருக்கும்.

பாதிக் கதையில் மரியஜான் பஹ்ரைனுக்குப் போய்விட்டான். சொல்லாமல் போய்விட்டான்.

அதற்குக் காரணம் ஒரு பார். கடலடியில் பாறைக்கூட்டமாகக் கிடக்கும் இடத்தைப் பார் என்பார்கள். கலவாவும் விளமீனும் அங்கேதான் குடியிருக்கும். மேலே பார்த்தால் எங்கும் ஒரே தண்ணீர். அதனால் கரையைப் பார்த்துத்தான் இடம் பிடிக்க வேண்டும். கரையோரத்து அடையாளம் ஒன்று, அதற்குப் பின்னால் தூரத்து மலையில் ஒன்று, இரண்டும் ஒரே நேரில் வந்து நிற்கவேண்டும். இப்படி இரண்டு திசையில் இரண்டு நேர் பிடித்தால், அவை வெட்டிக்கொள்ளும் இடத்தில் வள்ளம் பாருக்கு மேல் நிற்கும். இதற்குக் கணியம் என்று பெயர்.

அந்தப் பார் இரண்டு குடும்பத்துக்கும் பொது. அதனாலேயே அப்பன்மார் அதைப் பாதிபாதியாகப் பிரித்து வைத்திருந்தார்கள். வடக்கு நேர் ஜெனின் குடும்பத்துக்கு: மாதா கோயில் சிலுவைக்கு மேல் வேளிமலையின் மூக்கு வந்து உட்காரும். கிழக்கு நேர் மரியஜான் குடும்பத்துக்கு. அது என்னவென்று ஜெனினுக்குத் தெரியாது; தன் நேரை அடுத்தவனிடம் சொல்லமாட்டேன் என்று இருவரும் அவரவர் அப்பனுக்குச் சத்தியம் செய்து கொடுத்திருந்தார்கள். வள்ளத்தில் இருவரும் முதுகைக் காட்டிக்கொண்டு இருப்பார்கள். ஜெனின் வடக்கே பார்ப்பான், மரியஜான் கிழக்கே பார்ப்பான். இத்தனை வருஷத்தில் ஒருநாளும் ஜெனின் தலையைத் திருப்பி, மரியஜான் எதைப் பார்க்கிறான் என்று பார்த்ததில்லை. அடுத்தவன் வீட்டு அடுக்களையை எட்டிப் பார்ப்பது போன்ற காரியம் அது. ஜி.பி.எஸ். வந்த பிறகும் இந்தப் பாரை அதில் குறிக்கவில்லை. மிஷின் கைமாறினால் பாரும் கைமாறிவிடும் என்பது இருவரின் கட்சி.

போன ஐப்பசியில் ஒருநாள் பாரைக் காணவில்லை. ஜெனினின் நேர் சரியாக நின்றது. மரியஜான் "இன்னும் கொஞ்சம்", "இல்ல, பின்னால" என்று திணறினான். தூண்டில் இறக்கினால் வெறும் சேறு. மறுநாளும் சேறு. இரண்டாம் நாள் கரையேறியதும், மீன் எடுக்க வந்து நின்ற பெண்களுக்கு நடுவில், "என்னல, கண்ணு அவிஞ்சா போச்சு ஒனக்கு?" என்று ஜெனின் கேட்டுவிட்டான். கூட்டம் சிரித்தது. மரியஜான் வலையை மடித்து வைத்துவிட்டு வீட்டுக்குப் போனான். அடுத்த மாதம் பஹ்ரைன்.

அதிலிருந்து ஜெனின் அடுத்தவர்கள் வள்ளத்தில் எப்போதாவது போவான். மற்ற நேரமெல்லாம் மாடியறை. ஆடிக் கடல் கொந்தளித்ததும் நல்ல சாக்கு. கூட்டுக்காரன் இல்லாமல் கதையை முடிப்பது சரியில்லையே என்று ஆரம்பத்தில் உறுத்தியது. சொல்லாமல் போனவனுக்கு எதற்குக் காத்திருக்க வேண்டும் என்ற கோபம் அந்த உறுத்தலைத் தின்றுவிட்டது.

இப்போது கோபமும் தின்பதற்கு ஒன்றுமில்லாமல் இருந்தது. ஜெனின் குதிரையில் ஏறி, காப்பாற்றப்பட்ட ராஜ்யத்தில் சும்மா போனான். வெளியே உண்மையான மழை பெய்தது. உள்ளே வெயில். திருவிழா முடிந்து கொடி இறக்கிய மறுநாள் ஊர் எப்படிக் கிடக்குமோ அப்படிக் கிடந்தது அந்த உலகம். ரொட்டிக்காரி அவனைப் பார்த்துக் கும்பிட்டாள். திரும்பி வந்தபோதும் அதே கும்பிடு. கோதுமை வயலுக்கு மேலே மேகத்தின் நிழல் ஊர்ந்து போனது. அதன் பின்னாலேயே குதிரையை விட்டான். நிழல் ஆற்றைத் தாண்டியது, காட்டில் ஏறியது, கடைசியில் கடல் மேல் போய்க் கரைந்தது. அங்கே ஒரு சின்னப் படகு கட்டிக் கிடந்தது.

படகைப் பார்த்ததும் அவனுக்கு அந்தத் தோட்டம் ஞாபகம் வந்தது.

அது எந்த வரைபடத்திலும் இல்லாத இடம். ஒருநாள் தவறுதலாகப் படகிலிருந்து விழுந்தபோது கண்டுபிடித்தார்கள். தண்ணீருக்கு அடியில் நீல வெளிச்சமாக ஒரு பவளத் தோட்டம். சிவப்பு மீன்கள் கூட்டமாக வந்து முகத்தைச் சுற்றிவிட்டுப் போகும். எங்கேயோ ஆழத்தில் மணியடிக்கும். கொல்ல ஆளில்லை, எடுக்கப் பொருளில்லை. இருவரும் வாயைத் திறந்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்கள். "இதுக்கொரு கணியம் வச்சிருவோம்" என்றான் மரியஜான். காற்றாலைக்கு மேல் பனிமலை, அது ஜெனினின் நேர். ஒற்றைப் பாறைக்கு மேல் கறுத்த கோபுரம், அது மரியஜானின் நேர். விளையாட்டுத்தானே என்று அங்கே மட்டும் மரியஜான் தன் அடையாளத்தை வாய்விட்டுச் சொன்னான்.

ஜெனின் படகைத் தள்ளினான். காற்றாலைக்கு மேல் பனிமலை வந்து அழகாக உட்கார்ந்தது. மறுபக்கம் திரும்பினான். ஒற்றைப் பாறை நின்றது. அதற்குப் பின்னால் வெறும் ஆகாசம்.

குதித்துப் பார்த்தான், மணல். கொஞ்சம் தள்ளிக் குதித்தான், மணல். மீண்டும் மீண்டும் குதித்தான். பெபிஷா கிழங்கும் மீன்குழம்பும் கொண்டுவந்து வைத்து, "கதை முடிஞ்சதுன்னு சொன்னிய?" என்றாள். "கொஞ்சம் பொறுட்டி" என்றான். கோபுரம் எங்கே போயிற்று? எங்கே போகும், அரக்கன் இருந்ததே அந்தக் கோபுரத்தில்தான். கடைசிச் சண்டையில் அதை அடித்து இடித்தது வேறு யாருமல்ல, அவனேதான். ராஜ்யத்தைக் காப்பாற்றிய வேகத்தில் தோட்டத்துக்கு வழியை அழித்துவிட்டான்.

"சவம், கண்ணு அவிஞ்சா போச்சு எக்கு?" என்று தன்னையே திட்டினான்.

திட்டியதும் அந்த வார்த்தை அவன் வாயிலேயே நின்றுவிட்டது. கிழங்கை எடுக்கப் போன கை அப்படியே நின்றது. மெல்ல எழுந்து மாடியறையின் கிழக்கு ஜன்னலைத் திறந்தான். மழை விட்டிருந்தது. முற்றத்து மூலையில், மாடிப்படிக்கு அருகில், அறுத்த பனையின் அடிமூடு கறுத்துக் கிடந்தது. ஊரிலேயே ஒசரமான ஒற்றைப்பனை. மாடி எழுப்ப இடைஞ்சல் என்று கொத்தனார் சொல்ல, போன புரட்டாசியில் வெட்டியது. அன்று மரியஜான் வந்து வெட்டுப்பட்டுக் கிடந்த மரத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். "இத எதுக்குலே வெட்டின?" என்று கேட்டான். பதிலுக்குக் காத்திராமல் போய்விட்டான். அடுத்த மாதம்தான் பார் காணாமல் போனது.

ஜெனின் ஜன்னலிலேயே நின்றான். முதுகுக்குப் பின்னால் இருந்து இத்தனை வருஷம் மரியஜான் பார்த்துக்கொண்டிருந்தது என் வீட்டு மரத்தையா? வெட்டாதே என்று சொன்னால் அடையாளம் வெளியாகிவிடும். சொல்லாவிட்டால் பார் போய்விடும். அப்பனுக்குக் கொடுத்த சத்தியத்தைக் காப்பாற்றிக்கொண்டு, குருடன் என்ற பட்டத்தையும் வாங்கிக்கொண்டு, ஒரு வார்த்தை பேசாமல் போயிருக்கிறான் பாவி.

போனை எடுத்தான். பஹ்ரைனில் மணி வெகுநேரம் அடித்தது.

"யாருலே? ஜெனினா?" என்றது மரியஜானின் குரல். பின்னால் எஞ்சின் சத்தம்.

"நான் தான். வெளையாட்ட முடிச்சிட்டேன் மக்கா. நீ இல்லாம."

"சரி. அதச் சொல்லவா போன் போட்ட?"

"அந்தத் தண்ணிக்கடித் தோட்டத்தக் காணல்ல. கோபுரத்த நானே இடிச்சிட்டேன்." ஜெனின் பனை நின்ற மூலையைப் பார்த்தான். "லேய், ஒனக்க அடையாளம் எனக்க பனையா?"

எஞ்சினை அணைக்கும் சத்தம் கேட்டது.

"நான் ஒண்ணும் சொல்லல்ல" என்றான் மரியஜான்.

"நீ சொல்லாண்டாம். நான் பொம்பளையளுக்கு முன்ன வச்சு அப்படிக் கேட்டிருக்கப்பிடாது. அது எனக்க தப்பு. மனசில வைக்காதல."

பிறகு மரியஜான், யாரோ மூன்றாம் ஆளைப் பற்றி விசாரிப்பதுபோல மெதுவாகக் கேட்டான். "அந்தப் பனை, ஒனக்க மாடிக்கு மேல ரெண்டாள் ஒசரம் நின்னிருக்கும், இல்லியா? தலை நல்ல கறுப்பாட்டுத் தெரியும், இல்லியா?"

"ம். தெரியும்."

"சும்மா கேட்டேன்."

"மனசிலாச்சு" என்றான் ஜெனின்.

"கிறிஸ்மசுக்கு வருவேன்" என்றான் மரியஜான். பிறகு, "அந்த வெளையாட்டுல கோபுரம் இடிஞ்சா திரும்பக் கெட்ட முடியாதால?"

"முடியாது. முதல்ல இருந்து தொடங்கினாத்தான் உண்டு."

"பின்ன தொடங்கு. தோட்டம் வரைக்கும் போ. உள்ள எறங்காத. நான் வந்த பொறவு பாப்போம்."

ஆவணி பிறந்ததும் ஜெனின் நீளமான கமுகுத் தடி ஒன்றைக் கொண்டுவந்தான். பனை நின்ற இடத்துக்கு நேராக, மாடிச் சுவரோடு சேர்த்துக் கம்பி வைத்துக் கட்டினான். உச்சியில் கறுத்த பிளாஸ்டிக் பீப்பாயைக் கவிழ்த்து, அதைச் சுற்றிப் பழைய வலையைப் பொதிந்தான். ஊரே அண்ணாந்து பார்த்தது. பக்கத்து வீட்டுக் கபிரியேல், "என்ன மக்கா, தண்ணித் தொட்டிய மானத்துல வச்சிருக்க?" என்றார். "டிவிக்க ஆண்டனா" என்றான் ஜெனின். மூளை கலங்கிவிட்டது என்று பேசிக்கொண்டார்கள். பெபிஷாவும் கேட்டாள். அவளிடமும் ஆண்டனா என்றே சொன்னான். அது அவன் சொல்லக்கூடிய ரகசியம் இல்லை.

மழைக்கால மத்தியானங்களில் புது ராஜ்யத்தில் நடந்தான். ரொட்டிக்காரிக்கு அவனை அடையாளம் தெரியவில்லை. கறுத்த கோபுரம் முழுசாக நின்றது. படகில் போய், ஒற்றைப் பாறைக்கு மேல் கோபுரத்தை நேர்பிடித்து நிறுத்துவான். குதிக்கமாட்டான். அடியிலிருந்து மணியோசை கேட்கிற மாதிரி இருக்கும். கேட்டுக்கொண்டே கண் அயர்ந்துவிடுவான்.

மார்கழியில் மரியஜான் வந்தான். பெபிஷா கமுகுத் தடியில் ஒரு காகித நட்சத்திரமும் கட்டித் தொங்கவிட்டிருந்தாள். மரியஜான் வீட்டு வாசலில் நின்று மேலே பார்க்கவே இல்லை. நேராக மாடிக்கு வந்து சம்மணமிட்டு இருந்து, "தோட்டத்துக்குப் போனியா?" என்று மட்டும் கேட்டான். "இல்ல" என்றான் ஜெனின்.

மறுநாள் விடிந்ததும் வள்ளத்தைத் தள்ளினார்கள். கரை சிறுத்து, தென்னைகள் ஒரு கோடாகச் சுருங்கின. சொல்லாமலே இருவரும் முதுகைக் காட்டி இருந்துகொண்டார்கள். மாதா கோயில் சிலுவைக்கு மேல் வேளிமலையின் மூக்கு வந்து உட்கார்ந்தது. ஜெனின் அந்த நேரை விடாமல் பிடித்துக்கொண்டு வள்ளத்தை மெல்ல நகர்த்தினான். பின்னாலிருந்து சத்தமே இல்லை. தடி போதாதோ? பீப்பாய் சின்னதாகிவிட்டதோ? தலையை ஒரு சாண் திருப்பினால் தெரிந்துவிடும். கழுத்து நரம்பு இழுத்தது. அவன் மலையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"கொஞ்சம் தெக்க" என்றான் மரியஜான். சிறிது பொறுத்து, "இன்னும் லேசா."

ஜெனின் எஞ்சினை அணைத்தான். வள்ளம் தானாக மிதந்து ஊர்ந்தது.

"லேய்" என்றது முதுகுக்குப் பின்னால் ஒரு குரல். அது உடைந்திருந்தது. "தெரியுதுலே."

தூண்டில் இறங்கி, ஈயம் பாறையில் மோதியது. அந்த அதிர்வு கயிறு வழியாக ஜெனினின் விரலுக்கு வந்தது. அவன் அப்போதும் திரும்பவில்லை. வேளிமலைதான் கண்ணீரில் கலங்கி ரெண்டாகத் தெரிந்தது.