எதிர்ச்சுற்று

அந்த ஞாயிற்றுக்கிழமை மதியம் ஒன்றரை மணிக்கு இளவரசன் முப்பத்தெட்டுப் பேரைக் கூட்டிக்கொண்டு அண்ணாமலையைத் தப்பான பக்கமாகச் சுற்றக் கிளம்பினான்.

நிஜத்தில் அவன் வேங்கிக்காலில், கலெக்டர் ஆபீஸுக்கு எதிரே இருக்கும் ஜெராக்ஸ் கடையில், ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டுக் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தான். வாரத்தில் ஆறு நாள் அந்தக் கடையில் பட்டா, வாரிசுச் சான்றிதழ் என்று வருகிற ஜனம் அவனை விரட்டு விரட்டென்று விரட்டும். கீழ்பென்னாத்தூரில் இருக்கும் பெற்ற அப்பாவே அவன் பேச்சைக் காதில் போட்டுக்கொண்டதில்லை. 'கடைசி மழை' என்கிற விளையாட்டில் மட்டும்தான் அவன் வாய் அசைந்தால் முப்பத்தெட்டுப் பேர் சாகத் தயாராக இருந்தார்கள். அந்த ருசியைக் கண்டவனுக்கு வேறெதுவும் இறங்காது.

உலகம் அழிந்து அறுபது வருஷம் கழித்து நடக்கிற விளையாட்டு அது. இந்த ஊர்ப் பிள்ளைகளே நாலைந்து பேர் கூடி அதற்குள் திருவண்ணாமலையை வரைந்து வைத்திருந்தார்கள். மலை அப்படியே இருந்தது. கிரிவலப் பாதையும் இருந்தது. கோபுரங்கள் மட்டும் கருகி நின்றன. அதில் ஒரு கறாரான விதி உண்டு. செத்தால் செத்ததுதான். வருஷக்கணக்காகச் சேர்த்த ஆயுதம், பேர், மரியாதை எல்லாம் போய்விடும். மறுபடி கோவணத்தோடு ஒரு தடியைத் தூக்கிக்கொண்டு முதலிலிருந்து வர வேண்டும்.

கிழக்கே ஊரை இளவரசனின் கோபுரத்தார் வைத்திருந்தார்கள். மேற்கே அடி அண்ணாமலையைக் கவிநிலாவின் அடிமலையார் வைத்திருந்தார்கள். கவிநிலா செங்கம் ரோட்டில் ஒரு காபிக் கடையில் கேஷியர். ஒன்றரை வருஷச் சண்டை. எதற்காக ஆரம்பித்தது என்று கேட்டால் இரண்டு பக்கமும் ஆளுக்கொரு கதை சொல்லும். உண்மையில் ஒருத்தருக்கும் ஞாபகமில்லை.

இளவரசனின் வலது கை நடராஜ். குருக்கள் வீட்டுப் பையன், மதியம் கோயில் நடை சாத்தியிருக்கும் நேரத்தில்தான் விளையாட வருவான். மூன்று வருஷத்துக்கு முன்னால் இந்த விளையாட்டில்தான் இருவருக்கும் பழக்கம். வெளியே என்றால் ஜெராக்ஸ் கடைக்காரனும் சாமியைத் தொட்டுப் பூஜை செய்கிறவனும் தோளில் கை போட்டுக்கொள்ள எங்கே வழி? இப்போது வாரத்துக்கு இரண்டு நாள் பஸ் ஸ்டாண்டு பக்கம் டீ குடித்தார்கள். இளவரசனுக்கு இந்த உலகத்தில் சிநேகிதன் என்று சொல்லிக்கொள்ள அவன் ஒருவன்தான். இன்னொருவன் கிடைப்பான் என்ற நம்பிக்கையும் அவனுக்கு இல்லை.

இந்த ஊரில் பிறந்தவன் எவனும் மலையை இடக்கைப் பக்கம் வைத்து நடக்க மாட்டான். கால் வராது. அதனால் விளையாட்டிலும் படைகள் எல்லாம் தெற்கு வழியாகவே, கிரிவலம் போகிற திசையிலேயே போய் மோதிக்கொண்டிருந்தன. அடிமலையாரும் துப்பாக்கி மேடை அத்தனையையும் தெற்கைப் பார்த்தே கட்டியிருந்தார்கள். வடக்கு வாசலில் இரண்டே ஆள். அதை இளவரசன்தான் கண்டுபிடித்தான்.

"எதிர்ச்சுத்தாடா போறது? அப்பாக்குத் தெரிஞ்சா சோறு போட மாட்டாரு" என்றான் நடராஜ்.

"கேமுடா இது."

"தெரியுது. வர்றேன், நட."

குபேர லிங்கத்தைத் தாண்டும்வரை ஒரு குருவிகூடப் பார்க்கவில்லை. வடக்கு வாசல் காவலர்களில் ஒருத்தன் திரும்புவதற்குள் இளவரசனின் கோடாலி அவன் கழுத்தில் பாதிவரை இறங்கிவிட்டது. இன்னொருத்தன் ஓடினான். முதுகில் மூன்று அம்பு வாங்கி வாசற்படியில் குப்புற விழுந்தான். அதற்கப்புறம் நடந்ததைச் சண்டை என்று சொல்லக் கூடாது. தெற்கைப் பார்த்து உட்கார்ந்திருந்தவர்களைப் பின்னாலிருந்து வெட்டினார்கள். மேடைகளுக்கு அடியில் மண்ணெண்ணெய் பாட்டிலை வீச, மேலே இருந்தவர்கள் எரிந்துகொண்டே குதித்தார்கள். குதித்தவர்களைக் கீழே நின்றவர்கள் தடியால் அடித்தே தீர்த்தார்கள். இளவரசனின் ஹெட்போனில் ஒரே அலறல். யாரோ ஒருத்தன் "இருங்க, இருங்க, ஒரு நிமிஷம்" என்று கெஞ்சியபடியே செத்தான். இளவரசனுக்கு உள்ளங்கை வேர்த்தது. சந்தோஷத்தில்தான்.

கடைசியில் கவிநிலாவும் பன்னிரண்டு பேரும் கல் மண்டபத்துக்குள் புகுந்துகொண்டார்கள். உள்ளே வெடிமருந்துக் கிடங்கு. நெருங்கினால் எல்லாரையும் சேர்த்துக் கொளுத்திவிடுவதாகச் சொன்னாள். நடராஜ்தான் பேச்சுக்கு முன்னால் போனான்.

"ஆயுதத்தப் போட்டுட்டு வெளிய வாங்க. உயிருக்கு நான் பொறுப்பு."

"யாரு, குருக்கள் பையனா? அப்ப அண்ணாமலையார் மேல சத்தியம் பண்ணுங்க."

நடராஜ் சத்தியம் செய்தான். பதின்மூன்று பேரும் வெளியே வந்து முட்டி போட்டார்கள். கவிநிலா முதலில் பேசியது தன் உயிரைப் பற்றி அல்ல.

"மேற்கு கேட்ல உடனே ஆள் போடுங்க. கருகுன காட்டுலேர்ந்து தெனமும் நாய்ங்க வருது. முன்னூறு, நானூறு. அத எப்படி நிறுத்தறதுனு எங்களுக்குத்தான் தெரியும். எங்கள அங்கயே விட்டுட்டீங்கனா நாங்க பாத்துக்கறோம்."

இளவரசன் சிரித்தான். ஒன்றரை வருஷத்தில் ஊர்ப்பக்கம் அவன் பார்த்த நாய்கள் பத்துகூடத் தேறாது. பிழைக்க வழி தேடி அளக்கிறாள் என்றுதான் நினைத்தான். அப்போது பின்னாலிருந்து பிரகாஷ் முன்னே வந்தான். போன மாதம் அடிமலையார் கையில் செத்து, இப்போது கோவணமும் தடியுமாக நின்றுகொண்டிருந்தவன்.

"என்னைக் கொன்னப்ப நானும் முட்டி போட்டுத்தான் இருந்தேன், அண்ணே."

முப்பத்துச் சொச்சம் பேர் இளவரசனையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். வெளியே அவனை யாரும் அப்படி நின்று பார்த்ததில்லை. அவன் கோடாலியை எடுத்தான்.

"வேணாண்டா. நான் சத்தியம் பண்ணிருக்கேன்" என்றான் நடராஜ்.

"நீதான பண்ண? நான் பண்ணலியே."

வரிசையாகப் பன்னிரண்டு மண்டையைப் பிளந்தான். ஒருத்தரும் எழுந்து ஓடவில்லை. ஓட மாட்டார்கள் என்பது அவனுக்கே ஆச்சரியமாக இருந்தது. ஒவ்வொரு வெட்டுக்கும் திரையில் ரத்தம் தெறித்து வழிந்தது. கடைசியில் கவிநிலா.

"உங்க சாமி மேல பண்ணீங்களே, நடராஜ்" என்று மட்டும் சொன்னாள். கோடாலி அவள் வாயோடு சேர்த்து இறங்கியது.

நடராஜ் "குளிக்கணும், நேரமாச்சு" என்று சொல்லிவிட்டு வெளியேறினான். மற்றவர்கள் சாயங்காலம்வரை பிணங்களைச் சோதித்து இருந்ததையெல்லாம் உருவிக்கொண்டார்கள்.

மறுநாள் டீக்கடையில் நடராஜ் கிளாஸைத் தொடவே இல்லை.

"காலைல அபிஷேகத்துக்கு சாமியத் தொட்டப்ப கை நடுங்கிச்சு."

"டேய், கேமுடா அது."

"கேமுக்குனு தனியா ஒரு சாமியா வெச்சிருக்கேன் நான்?"

இளவரசனுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தும்விட்டான். அதைப்போல ஒரு மடத்தனம் வேறில்லை என்பது அவனுக்கு உறைக்க இன்னும் ஆறு நாள் ஆயிற்று.

அடிமலையாரில் ஒருத்தர்கூடத் திரும்ப வரவில்லை. கோவணத்தோடுகூட வரவில்லை. மேற்குப் பக்கம் துடைத்து வைத்த மாதிரி காலியாகக் கிடந்தது. செவ்வாய்க்கிழமை கருகிய காட்டிலிருந்து நாய்கள் வந்தன. மயிர் உதிர்ந்த, கன்றுக்குட்டி உயர நாய்கள். மேற்கு வாசலில் காவலுக்குப் போட்டிருந்த நாலு பேரின் குடல் பாதை ஓரம் நீளத்துக்கு இழுபட்டுக் கிடந்தது. வியாழக்கிழமை பதினோரு பேர் போனார்கள். ஒன்றைக் கொன்றால் மூன்றாக வந்தன. அவற்றை எங்கே மடக்க வேண்டும், எதை எரித்தால் பயப்படும் என்று தெரிந்தவர்கள் பதின்மூன்று பேர். அந்தப் பதின்மூன்று பேரும் கல் மண்டப வாசலில் மண்டை பிளந்து கிடந்தார்கள்.

அடுத்த ஞாயிறு நடராஜ் வந்தான். இளவரசனிடம் ஒரு வார்த்தை கேட்காமல் ஆறு பேரைக் கூட்டிக்கொண்டு மேற்கு வாசலுக்குப் போனான்.

"அவங்க செஞ்ச வேலைய நான் செய்யறேன். அவ்ளோதான்."

ஒரு மணி நேரம் தாங்கினார்கள். அதற்குப் பிறகு முடியவில்லை. பின்வாங்கிக் கிரிவலப் பாதை வழியே ஊரை நோக்கி ஓடிவந்தார்கள். பாதை வட்டம் அல்லவா, நாய்களில் பாதி வடக்காகவும் பாதி தெற்காகவும் வந்தன. இளவரசன் ஊர்க் கதவுகளைச் சாத்தச் சொன்னான். ஐந்தே நிமிஷத்தில் நடராஜின் குரல் கேட்டது.

"கதவத் தெற. ஏழு பேரும் இருக்கோம்."

"பின்னாடியே நாய் இருக்குடா. தெறந்தா உள்ள வந்துரும்."

"அரை நிமிஷம் போதும். தெறடா."

மதில் மேலே நின்ற இளவரசனுக்கு எல்லாம் தெரிந்தது. திறந்தால் ஏழு பேரோடு ஏழெட்டு நாயும் நுழையும். அவற்றை உள்ளே வைத்து வெட்டிவிடலாம்தான். ஆனால் ஒன்று தப்பித்து அவன்மேல் பாய்ந்தால் மூன்று வருஷம் ஒரே கடியில் போய்விடும். அவன் திறக்கவில்லை. பயம்தான். வேறு பேர் வைத்து என்ன ஆகப்போகிறது?

நாய்கள் முதலில், கடைசியாக வந்தவனின் காலைக் கவ்வின. விழுந்தவன் மேல் ஐந்தாறு ஏறி முகத்தைத் தின்றன. மற்றவர்கள் கதவில் முதுகைச் சாய்த்து நின்று வெட்டினார்கள். கத்தி ஒடிந்தவன் கையாலேயே ஒரு நாயின் தாடையைப் பிளந்தான். அந்தக் கையை இன்னொன்று தோளோடு பிடுங்கிக்கொண்டு போனது. நடராஜ் கடைசிவரை நின்றான். அவன் கதறவில்லை. ஹெட்போனில் அவன் மூச்சிரைப்பு மட்டும் கேட்டது. அதுவும் நின்றபோது, கரண்டு போனதைச் சொல்கிறவன் மாதிரி "செத்துட்டேன்" என்றான்.

இளவரசன் திரும்பினான். மதில்மேல் பிரகாஷ் நின்றுகொண்டிருந்தான், இப்போது கையில் நல்ல கோடாலியோடு.

"அவருக்கே தெறக்கலியே, அண்ணே. நாளைக்கு எங்களுக்குத் தெறப்பீங்களா?"

முதல் வெட்டு முழங்காலில் விழுந்தது. மற்ற வெட்டுகளை எல்லாரும் பங்கு போட்டுக்கொண்டார்கள். பாதி உயிரோடு அவனைத் தூக்கி மதிலுக்கு வெளியே, நாய்களுக்கு நடுவில் வீசினார்கள். திரை சிவந்து, பிறகு கறுத்தது.

அன்றைக்கே நடராஜுக்குப் பதினாலு முறை போன் செய்தான். மணி அடித்தது. எடுக்கவில்லை. புதன்கிழமை டீக்கடையில் ஒரு மணி நேரம் காத்திருந்தான். வெள்ளிக்கிழமை காலை கடைக்கு லீவு போட்டுவிட்டுக் கோயிலுக்குப் போனான். பிராகாரத்தில் ஒரு சின்ன சந்நிதியில் அந்த மாதம் நடராஜுக்கு முறை. சும்மா கும்பிட்டால் ஒரு நொடியில் நகர்த்திவிடுவார்கள் என்று அர்ச்சனைச் சீட்டு வாங்கித் தேங்காய்த் தட்டோடு வரிசையில் நின்றான். என்ன சொல்வது என்று நாற்பது நிமிஷமாக வாய்க்குள் ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

நடராஜ் தட்டை வாங்கினான். ஒருமுறை நிமிர்ந்து முகத்தைப் பார்த்தான், நன்றாகவே பார்த்தான்.

"நடராஜ், நான் வந்து…"

"பேரு, நட்சத்திரம் சொல்லுங்க" என்றான் நடராஜ்.

இளவரசனுக்கு நெஞ்சில் கோடாலி விழுந்த மாதிரி இருந்தது, இந்த வலிக்குத் திரை கறுத்துப் போய்விடவும் இல்லை. பின்னால் நின்ற அம்மாள் தட்டால் அவன் முதுகை இடித்தார். நடராஜ் இன்னும் கொஞ்சம் பொறுத்துப் பார்த்தான்.

"தெரியலனா பரவால்ல. சாமி பேருக்கே பண்ணிடறேன்."

மந்திரம் சொல்லி, தேங்காயை உடைத்து, கற்பூரம் காட்டினான். அவன் கை நடுங்கவில்லை. நீட்டிய உள்ளங்கையில், விரல் படாமல், கொஞ்சம் விபூதி விழுந்தது.

"நகருங்க, பின்னாடி நெறைய பேர் நிக்கறாங்க."

இளவரசன் நகர்ந்தான். அதற்குள் அடுத்த தட்டு உள்ளே போயிருந்தது.