மூன்றாவது ஓலைக்கு முன்

என் தம்பி மகள் லூயிசா 1977 பிப்ரவரி நான்காம் தேதி, மாதத்தின் முதல் வெள்ளியான தலை வெள்ளிக்கிழமை காலையில் இறந்தாள். வயது இருபத்தாறு. அவள் சாவைப் பற்றி மயிலாப்பூரிலும் அடையாற்றிலும் பலர் பலவிதமாகப் பேசினார்கள். நடந்தது எனக்குத் தெரியும் என்பதால் எழுதுகிறேன்.

சாந்தோம் கோயில் பதிவேட்டில் எங்கள் முன்னோர் பெயர்கள் போர்ச்சுக்கீசியர் காலத்திலிருந்து இருக்கின்றன. தாத்தா உபதேசியார். அப்பா வாத்தியார். நான் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றேன். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தம்பி மனைவி இரண்டாவது பிரசவத்துக்குப் பிறகு இளைப்பு வந்து இறந்தாள். சில வருஷங்களில் தம்பியும் காமாலையில் போய்விட்டான். லூயிசாவும் அவளுக்கு நான்கு வயது இளையவளான ஆலிஸும் என் பொறுப்பில் வந்தார்கள். இருவரையும் கன்னியாஸ்திரிகளின் விடுதியில் வைத்துப் படிக்க வைத்தேன். லூயிசாவுக்குப் பதினோரு வயதில் காய்ச்சலும் மூட்டு வீக்கமும் வந்து மூன்று மாதம் வீட்டில் படுத்திருந்தாள். அப்போதே டாக்டர் இதயத்தில் ஏதோ சத்தம் கேட்கிறது என்றார். தாய்க்கும் அப்படித்தான் இருந்தது. பெண் பிள்ளை விஷயம் என்பதால் நான் அதை வெளியில் சொல்லவில்லை. விடுதியில் இருந்த ஆலிஸுக்கும் சொல்லவில்லை.

1971இல் அடையாற்றில் ஒரு கிளப் நடத்திய அழகிப் போட்டியில் லூயிசா கலந்துகொண்டாள். ஒரு கான்வென்ட் பள்ளியில் இங்கிலீஷ் டீச்சராகச் சேர்ந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை. தோழிகளோடு நாடகம் பார்க்கப் போவதாக என்னிடம் சொல்லியிருந்தாள். திங்கட்கிழமை பேப்பரில் கிரீடம் வைத்த படத்தோடு பெயர் வந்திருந்தது. பட்டுப் புடவைதான் கட்டியிருந்தாள், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் மேடையில் முன்னும் பின்னும் நடக்கச் சொல்லி நான்கு பேர் மார்க் போட்டிருக்கிறார்கள். எங்கள் வீட்டில் மார்க் போடுகிறவர்கள் நாங்கள்தான்.

பள்ளியில் அவளைக் கூப்பிட்டு ராஜினாமா எழுதி வாங்கிக்கொண்டார்கள். கிரீடத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வா என்றேன். அட்டையில் ஜிகினா ஒட்டியது பெரியப்பா, திருப்பிக் கொடுத்தால் அவர்களுக்கே வெட்கமாக இருக்கும் என்றாள். அதன் பிறகு ஒரு வருஷம் அவளோடு தேவைக்கு மேல் பேசவில்லை. ஆலிஸுக்கு வந்த இரண்டு வரன்கள் அந்தப் படத்தைச் சொல்லியே விலகிப் போயின.

1975இல் சென்னையில் தொலைக்காட்சி வந்தது. செய்தி வாசிக்க ஆள் எடுத்தார்கள். குரல் நன்றாக இருந்ததால் லூயிசாவுக்கு இடம் கிடைத்தது. மாதத்தில் சில நாட்கள்தான் முறை வரும். சர்க்கார் காரியம், உட்கார்ந்து வாசிப்பது, கழுத்து வரை மூடிய ரவிக்கை. நான் தடுக்கவில்லை. ஆனால் பார்க்கவும் இல்லை. எங்கள் தெருவில் ஒரு வீட்டில் மட்டும் செட் இருந்தது. சாயங்காலம் ஆனால் வாசல் முழுக்கச் செருப்பாக இருக்கும். இன்னொருவர் கூடத்தில் ஊராரோடு தரையில் உட்கார்ந்து என் வீட்டுப் பெண்ணைப் பார்க்க எனக்கு மனம் ஒப்பவில்லை.

பஸ்ஸில் அவளை அடையாளம் கண்டுகொள்ள ஆரம்பித்தார்கள். ஒரு கண்டக்டர் அவளிடம், "இன்னாம்மா, மழை வரும்னு நேத்து நீதானே சொன்ன? குடை எடுத்துக்கினு வந்தேன், ஒரு துளி கூட வர்ல" என்றானாம். அடுத்த தடவை உன்னைக் கேட்டுவிட்டுச் சொல்கிறேன் என்று பதில் கொடுத்ததாகச் சொல்லிச் சிரித்தாள். சிரித்து முடித்ததும் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அதை நான் பார்த்தேன்.

1976 நவம்பரில் ஆலிஸுக்கு நல்ல இடம் அமைந்தது. அடையாற்றில் குடியிருந்த பவுல்சாமி தபால் இலாகாவில் இருந்து ஓய்வு பெற்றவர். மனைவி புஷ்பம் நர்ஸாக இருந்தவர். அவர்கள் மகன் இன்னாசிக்கு இஞ்சினீயர் வேலை. அழகிப் போட்டியைப் பற்றி அவர்கள் ஒரு வார்த்தை கேட்கவில்லை. தவக்காலத்தில் கல்யாணம் கிடையாது என்பதால் அது தொடங்கும் விபூதிப் புதனுக்கு ஒரு வாரம் முன்னால், பிப்ரவரி பதினாறாம் தேதி வைத்துக்கொண்டோம். அதற்கு முன் மூன்று ஞாயிறு கோயிலில் ஓலை வாசிக்க வேண்டும். இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் பங்குச் சாமியாரிடம் சொல்லக் கடமைப்பட்டவர்கள் என்று பூசையில் அறிவிப்பார்கள்.

டிசம்பர் இரண்டாவது வாரம் லூயிசாவைத் தியாகராய நகரில் டாக்டர் அனந்தராமனிடம் அழைத்துப் போனேன். மாடிப் படியில் மூன்று தடவை நின்றாள். அவர் நெடுநேரம் பார்த்துவிட்டு வால்வு சுருங்கிவிட்டது, உடனே ஆபரேஷன் செய்ய வேண்டும், பொங்கலைத் தாண்டவே கூடாது என்றார். இடது விலாவில் தழும்பு இருக்கும், பிழைத்து நன்றாக இருப்பாள் என்றும் சொன்னார். தாய்க்கும் இருந்ததா என்று கேட்டார். ஆமாம் என்றேன். தங்கையையும் ஒரு தடவை அழைத்து வாருங்கள் என்றார்.

அந்த ஒரு சொல் போதும். பரம்பரை நோய் என்று பெயர் வந்தால் ஆலிஸுக்கு இந்த இடமும் போய்விடும். கல்யாணத்தைத் தள்ளினால் ஈஸ்டருக்குப் பிறகுதான். ஏன் என்று கேட்பார்கள், காரணம் சொல்ல வேண்டும். வீட்டுக்கு வந்து லூயிசாவை உட்கார வைத்துச் சொன்னேன்.

"ஆலிஸ் கல்யாணம் முடியட்டும். மறுநாளே ஆஸ்பத்திரியில சேர்த்துடறேன்."

"டாக்டர் பொங்கல்னார், பெரியப்பா."

"ஒரு மாசம்தான். மருந்து குடுத்திருக்கார் இல்ல?"

அவள் மருந்துச் சீட்டை மடித்துப் பைக்குள் வைத்தாள்.

"என்னால ஏற்கெனவே ரெண்டு இடம் போச்சு" என்றாள். "மூணாவதும் என் கணக்குல வேணாம். ஆனா பதினேழாம் தேதி ஏதாவது விருந்து கிருந்துன்னு தள்ளினீங்க, பந்தியிலேயே ஸ்ட்ரெச்சரைக் கொண்டாரச் சொல்லிடுவேன்."

தள்ள மாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன். ஆலிஸிடம் ரத்தசோகை என்று சொல்ல ஒப்புக்கொண்டோம்.

ஜனவரியில் தேர்தல் அறிவிப்பு வந்தது. லூயிசாவுக்கு முறை அதிகமாக வந்தது. வேண்டாம் என்று சொன்னால் ஏன் என்று கேட்பார்கள் என்று அவளும் என்னைப் போலவே யோசித்தாள். இருபத்து மூன்றாம் தேதி முதல் ஓலை வாசித்தார்கள். பூசை முடிந்து வெளியே வந்ததும் புஷ்பம் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, லூயிசாவுக்கு உடம்பு நன்றாக இருக்கிறதா என்று கேட்டார். சளி என்றேன். பஸ்ஸில் அலைகிறாள், தூசி ஒத்துக்கொள்ளவில்லை என்றேன். அந்த அம்மாள் என் முகத்தைப் பார்த்தபடி நின்றார். சரி அண்ணே என்று சொல்லிப் போய்விட்டார். முப்பதாம் தேதி இரண்டாவது ஓலை வாசித்தார்கள்.

பிப்ரவரி மூன்றாம் தேதி லூயிசா செய்தி வாசித்தாள். மறுநாள் தலை வெள்ளி, ஆறு மணிப் பூசைக்கு இருவரும் நடந்து போனோம். ஐந்து நிமிஷ நடைக்குக் கால் மணி ஆயிற்று. சுவிசேஷம் வாசிக்கும்போது எல்லாரும் எழுந்து நின்றார்கள். அவள் எழவில்லை. எழுந்திரு என்று கண்ணால் காட்டினேன். முடியவில்லை என்று தலையை அசைத்தாள். உதட்டில் நுரை இருந்தது. ஆட்டோவில் ஏற்றினோம். ராயப்பேட்டை ஆஸ்பத்திரி போய்ச் சேரும் முன்பே முடிந்துவிட்டது.

மாரடைப்பு என்று எல்லாரிடமும் சொன்னேன். இருபத்தாறு வயதுப் பெண்ணுக்கு மாரடைப்பா என்று யாரும் நம்பவில்லை. அழகிப் போட்டிக்குப் போன பெண், டி.வி.யில் வந்த பெண் என்று ஆரம்பித்துத் தூக்க மாத்திரை வரை பேச்சு போனது. அடக்கத்தின் போதே என் காதில் விழுந்தது.

அடக்கத்துக்கு மூன்றாம் நாள் அடையாறு போனேன். துக்க வீட்டில் கல்யாணம் இல்லை என்பதைச் சொல்லவும், உண்மையைச் சொல்லிவிட்டு அவர்கள் விலகினால் ஏற்றுக்கொள்ளவும் முடிவு செய்திருந்தேன். பவுல்சாமி நாற்காலி போட்டார். வால்வு என்று நான் ஆரம்பித்ததுமே புஷ்பம் கையைக் காட்டி நிறுத்தினார்.

"தெரியும் அண்ணே."

"யார் சொன்னது?"

"யாரும் சொல்லல. எங்க வீட்ல செட் இருக்கு. வாரா வாரம் பாத்துட்டுத்தானே இருந்தோம். முன்னெல்லாம் ஒரே மூச்சுல வாசிப்பா. தீபாவளிக்கு அப்புறம் ஒரு வரிக்கு ரெண்டு தடவை மூச்சு வாங்கினா. கழுத்து நரம்பு துடிக்கிறது அப்படியே தெரிஞ்சுது. இருபத்தெட்டு வருஷம் வார்டுல நின்னவ நான்."

"அப்புறம் ஏன் ஓலை வாசிக்க விட்டீங்க?"

"அது ஆலிஸோட கல்யாணம். இதுக்கும் அதுக்கும் என்ன?" என்றார் பவுல்சாமி. "நீங்களா ஒரு வார்த்தை சொல்லுவீங்க, ஆஸ்பத்திரிக்குக் கூட ஆள் வேணும்னா இவ போலாம்னு பேசிக்கிட்டோம்."

"நான் கேட்டேன் அண்ணே" என்றார் புஷ்பம். "சளின்னீங்க. அதுக்கு மேல கேட்டா, பொண்ணு வீட்ல நோய் தேடறாங்கன்னு நெனைப்பீங்க. பெரிய குடும்பம், மரியாதை தப்பிடக் கூடாதுன்னு வாயை மூடிக்கிட்டேன். மூடியிருக்கக் கூடாது."

பிறகு அவரே கேட்டார். "நீங்க அவ வாசிச்சதை ஒரு நாளாவது பாத்தீங்களா?"

இல்லை என்றேன்.

மூன்றாவது ஓலையை ஈஸ்டருக்குப் பிறகு வாசிக்கலாம் என்று பவுல்சாமி சொன்னார். அவர்கள் விலகவில்லை. நான் பஸ்ஸுக்குக் காத்திராமல் திரு.வி.க. பாலம் வழியாக நடந்தே சாந்தோம் வந்தேன்.

மார்ச் ஆறாம் தேதி முப்பதாம் நாள் பூசை. முடிந்ததும் கோயில் முற்றத்தில் இருபது பேருக்கு மேல் நின்றார்கள். பழைய மாணவன் ஒருவன், இன்று வக்கீல், என் கையைப் பிடித்துக்கொண்டு, மனக்கஷ்டம் ஏதாவது இருந்ததா சார் என்று மெல்லக் கேட்டான். அவன் கேட்டது என்ன என்று சுற்றியிருந்த எல்லாருக்கும் தெரியும். எல்லாரும் பதிலுக்குக் காத்திருந்தார்கள்.

வகுப்பில் பேசுகிற குரலில் சொன்னேன். "அவளுக்கு இதயத்துல வால்வு சுருங்கியிருந்தது. அவ அம்மாவுக்கும் அதுதான். பொங்கலுக்குள்ள ஆபரேஷன் பண்ணச் சொன்னாங்க. கல்யாணம் முடியட்டும்னு நான்தான் தள்ளி வச்சேன். டாக்டர் பொங்கல்னாரேன்னு அவ கேட்டா, நான் தள்ளி வச்சேன்."

வக்கீல் கையை விட்டான்.

ஆலிஸ் எனக்கு இடது பக்கத்தில் நின்றிருந்தாள். அவளுக்கு அதுவரை தெரியாது. முக்காட்டை எடுத்து மடித்தாள். என்னைப் பார்க்காமல் வாசலைத் தாண்டி, வீட்டுக்குப் போகும் ரோட்டில் தனியாக நடந்தாள். நான் பின்னால் போனேன். அவளோடு சேர்ந்து நடக்க முயலவில்லை.